பரணில் கிடக்கும் துப்பறியும் நாவல்களை ஆய்வுப் பொருளாக்குவது எப்படி?

காரைக்குடிப் பக்கத்தில் பங்காளிகள் கூடி ஒரு பெரிய வீட்டைப் பிரித்துக்கொள்ளும்போதும், ஆளில்லாமல் பூட்டிக் கிடந்த வீட்டை ஒழிக்கும்போதும், எந்தப் பொருள் எங்கே போகும் என்பது ஏறக்குறைய முன்பே முடிவானதுதான். பித்தளைப் பாத்திரங்களும் எனாமல் சாமான்களும் முனீஸ்வரன் கோயில் தெருக் கடைகளுக்குப் போகும். தூண்களும் நிலைகளும் மர வியாபாரியிடம் போகும். தேவாரத்தையும் கம்பராமாயணத்தையும் யாராவது ஒருவர் கண்ணில் ஒற்றி எடுத்து வைத்துக்கொள்வார். அட்டை கிழிந்த துப்பறியும் நாவல்களும், மாத நாவல்களும், வீட்டுப் பெண்கள் சேர்த்துப் பைண்டு செய்த தொடர்கதைகளும் எடைக்குப் போகும். அந்தக் கடைசிக் கட்டைத் தராசில் ஏறுமுன் வாங்கி, அதிலிருந்து ஓர் ஆய்வை எழுப்ப நினைக்கும் மாணவர்களுக்காக இதை எழுதுகிறேன்.

இத்துறைக்கு வேண்டிய முதல் பாடத்தைச் சொல்லிக்கொடுத்தவர் நம் வட்டாரத்துக்காரர்தான். கோட்டையூர் ரோஜா முத்தையா விளம்பரப் பலகை எழுதிய ஓவியர். நூலகப் பயிற்சியோ பல்கலைக்கழகப் பட்டமோ இல்லாத அவர், சங்க நூல் பதிப்பையும் நாடக நோட்டீஸையும் சினிமாப் பாட்டுப் புத்தகத்தையும் மலிவு விலை நாவலையும் ஒரே அக்கறையோடு சேர்த்துவைத்தார். அவர் 1992இல் மறைந்தபின், ஏறத்தாழ ஒரு லட்சம் உருப்படிகள் கொண்ட அந்தச் சேகரிப்பைச் சிகாகோ பல்கலைக்கழகம் 1994இல் வாங்கியது. இன்று சென்னைத் தரமணியில் இயங்கும் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் அப்படிப் பிறந்தது. எது இலக்கியம், எது குப்பை என்று அவர் தரம் பிரித்துக்கொண்டே சேர்த்திருந்தால், இன்று தமிழ் வெகுஜன எழுத்தை ஆராய வருபவருக்கு அங்கே பாதி வேலைக்கும் பொருள் கிடைத்திராது. ஆகவே சேகரிக்கும் கட்டத்தில் தரம் பார்க்காதீர்கள். தரம் பற்றிய உங்கள் கருத்துக்கு ஆய்வேட்டில் ஓர் இடம் உண்டு. அது முதல் இயல் அல்ல.

அடுத்தது தலைப்பு. “துப்பறியும் நாவல்களில் சமுதாயப் பார்வை” என்பது போன்ற தலைப்போடு வரும் மாணவரை நான் உடனே திருப்பி அனுப்பிவிடுவேன். அதற்குள் எந்தக் காலம், எந்த வடிவம், யாருடைய வாசிப்பு என்ற மூன்றில் ஒன்றுகூட இல்லை. “1950க்கும் 1970க்கும் இடையே தேவகோட்டை வட்டகை வீடுகளில் வார இதழ்த் தொடர்கதைகள் எப்படி வந்தன, எப்படிக் கைமாறின?” என்று கேட்டால் வேலை தானாக நடக்கத் தொடங்கும். “துப்பறிபவர் என்ன தொழில் செய்கிறார்?” என்ற ஒற்றைக் கேள்வியே ஓர் ஆய்வேட்டுக்குத் தாங்கும். 1908இல் வெளிவந்த ‘ராஜாம்பாள்’ நாவலில் ஜே. ஆர். ரங்கராஜு படைத்த துப்பறியும் கோவிந்தன், வடுவூர் துரைசாமி ஐயங்காரின் திகம்பர சாமியார், வங்கி எழுத்தராக இருந்து அசட்டு அதிர்ஷ்டத்தால் பேர் வாங்கும் தேவனின் சாம்பு, தேநீர்க் கோப்பையும் கையுமாகச் சிந்திக்கும் தமிழ்வாணனின் சங்கர்லால், வழக்கறிஞர்களாக வரும் சுஜாதாவின் கணேஷும் வசந்தும் என்று வரிசையாக நிறுத்திப் பாருங்கள். உண்மையைக் கண்டுபிடிக்கும் உரிமை யாரிடம் இருப்பதாக அந்தந்தக் காலத்து வாசகர் நம்பினார் என்ற கேள்வி அந்த வரிசையிலிருந்தே எழும்.

செட்டிநாட்டில் இருந்துகொண்டு இதைச் செய்பவருக்குத் தனி வசதி ஒன்று உண்டு. தமிழ்வாணன் 1926இல் தேவகோட்டையில் பிறந்தவர். 1947இல் குமுதத்தைத் தொடங்கிய எஸ். ஏ. பி. அண்ணாமலையும் செட்டிநாட்டுக்காரர். சக்தி காரியாலயம் நடத்திய வை. கோவிந்தனுக்கு ஊர் ராயவரம். தமிழ்ப் பண்ணை சின்ன அண்ணாமலைக்கும் வானதி திருநாவுக்கரசுக்கும் ஊர் தேவகோட்டை. கடல் கடந்து கொண்டுவிற்கப் போன, அதாவது வணிகமும் வட்டித்தொழிலும் செய்யப் போன, நகரத்தார் சமூகத்தின் பிள்ளைகள் இத்தனை பேர் அச்சுத் தொழிலுக்கும் இதழ்த் தொழிலுக்கும் வந்தது ஏன் என்று யாராவது முறையாக ஆராய வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. பர்மாத் தொழில் யுத்தத்தோடு படுத்துப்போனதுதான் காரணம் என்று சிலர் எளிதாகச் சொல்லிவிடுவதுண்டு. அதைச் சான்றோடு நிறுவாத வரையில் வெறும் கருதுகோளாகவே வைத்துக்கொள்ளுங்கள்.

சரி, பொருளைச் சேர்ப்பது எப்படி? பழைய பேப்பர் கடைக்காரரிடம் பழக்கம் வைத்துக்கொள்வது முதல் வழி. கிலோவுக்கு அவர் கொடுக்கும் விலைக்கு மேல் சற்றே கூட்டிக் கொடுத்தால் கட்டை உடைக்காமல் எடுத்துவைப்பார். கட்டு உடையாமல் இருப்பது முக்கியம், ஏனெனில் ஒரே வீட்டிலிருந்து வந்த நூல்கள் ஒன்றாக இருக்கும்போதுதான் அவை அந்த வீட்டின் வாசிப்பைப் பற்றிப் பேசும். தனித்தனியே பிரிந்தபின் அவை வெறும் பழைய புத்தகங்கள். இரண்டாவது, புதுக்கோட்டையில் உள்ள ஞானாலயா என்ற தனியார் நூலகம். காரைக்குடியிலிருந்து பேருந்தில் போய் அன்றே திரும்பலாம். மூன்றாவது, வீட்டிலிருந்தே பார்க்கக்கூடிய தமிழ் இணைய மின்னூலகம். இவற்றில் கிடைப்பது போதாதபோது சென்னைக்கு வண்டி ஏறுங்கள். கையில் பட்டியல் இல்லாமல் ஏறாதீர்கள்.

பலரும் கவனிக்காமல் விடும் மூலம் ஒன்று உண்டு. 1867ஆம் ஆண்டின் அச்சகம் மற்றும் நூல் பதிவுச் சட்டப்படி, சென்னை மாகாணத்தில் அச்சான நூல்களின் பட்டியல் காலாண்டுக்கு ஒருமுறை அரசிதழின் இணைப்பாக வெளிவந்தது. நூலின் பெயர், ஆசிரியர், அச்சகம், பக்கம், அளவு, எத்தனையாவது பதிப்பு, எத்தனை பிரதி, என்ன விலை, பதிப்புரிமை யாருக்கு என்று அத்தனைக்கும் அதில் கட்டம் உண்டு. ஆரணி குப்புசாமி முதலியாரின் நாவல்களையும் வடுவூராரின் நாவல்களையும் பற்றி “லட்சக்கணக்கில் விற்றன” என்று யாரோ எழுதியதை யாரோ எடுத்தெழுதுவதைவிட, இந்தப் பட்டியலில் ஒரு பத்தாண்டை உட்கார்ந்து படியெடுப்பது ஆயிரம் மடங்கு மேல். அலுப்பான வேலைதான். பேரேடு எழுதிப் பழகிய ஊரில் இதற்கு அலுத்துக்கொள்ளக் கூடாது.

பிரதி கைக்கு வந்தவுடன் கதையைப் படிக்கத் தொடங்கிவிடாதீர்கள். முதலில் பொருளைப் படியுங்கள். என்னிடம் உள்ள பைண்டு ஒன்றை எடுத்துக்காட்டாகச் சொல்கிறேன். வார இதழிலிருந்து பிரித்தெடுத்த துப்பறியும் தொடர்கதை. துணி முதுகு, மேலே பழைய நாட்காட்டி அட்டை. முதல் பக்கத்தில் நீல மையில் முன்னெழுத்துகளோடு ஒரு பெண் பெயர், அதன்கீழ் “படித்தவர் தவறாமல் திருப்பித் தரவும்” என்ற வரி. பக்கங்களின் பின்புறத்தில் தலையும் காலும் வெட்டுப்பட்ட நகைச்சுவைத் துணுக்குகளும், கூந்தல் தைல விளம்பரமும், ஒரு சமையல் குறிப்பின் பிற்பாதியும் இருக்கின்றன. நடுவில் ஓர் அத்தியாயம் அச்சில் இல்லை. அந்த வார இதழ் எப்படியோ தவறிப்போயிருக்கிறது. அதற்குப் பதிலாகச் சிவப்புக் கோடு போட்ட பேரேட்டுத் தாள்கள் நான்கில், வரவுக் கட்டத்தையும் பற்றுக் கட்டத்தையும் சட்டை செய்யாமல், அந்த அத்தியாயம் முழுவதும் கையால் எழுதப்பட்டிருக்கிறது. கொலைகாரன் மாடிப்படி ஏறும் இடம் ஐந்தொகைக்கான கட்டத்துக்குள் வருகிறது.

இந்த நான்கு தாளும் எனக்குச் சொன்னதைக் கதையின் நானூறு பக்கமும் சொல்லவில்லை. பார்த்து எழுத இன்னொரு பிரதி வேண்டும் என்பதால், அதே தொடரைச் சேர்த்த இன்னொரு வீடு அருகில் இருந்திருக்கிறது. பெட்டியடிக்குரிய, அதாவது கணக்குப் பார்க்கும் இடத்துக்குரிய, தாள் வீட்டின் உள்கட்டுக்கு வந்திருக்கிறது. கதை அவ்வளவு எளிதில் தூக்கியெறியத் தக்கதாக அந்தப் பெண்ணுக்குத் தோன்றவில்லை; ஓர் அத்தியாயம் குறைவது அவரால் பொறுக்க முடியாததாக இருந்திருக்கிறது. இப்படி ஒரு பிரதியிலிருந்து என்னென்ன துணிந்து சொல்லலாம், எதைச் சொல்ல இயலாது என்று இரண்டு பத்தியாகப் பிரித்து எழுதிப் பழகுங்கள்.

ஆகவே ஒவ்வொரு பிரதிக்கும் ஓர் அட்டை போட்டு, அதில் விலை, அட்டைப்பட ஓவியர், விளம்பரங்கள், கைப்பெயர்கள், முத்திரைகள், அடிக்கோடுகள், ஒட்டுப்போட்ட இடங்கள், எங்கிருந்து எப்போது கிடைத்தது என்பவற்றைக் குறியுங்கள். நான் செய்த பிழை ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். ஆய்வு மாணவனாக இருந்தபோது, மாத நாவல் ஒன்றின் கடைசிப் பக்கத்தில் பென்சிலால் போட்டிருந்த எண்களை அழுக்கென்று எண்ணி அழிப்பானால் சுத்தமாகத் துடைத்தேன். அதே வீட்டிலிருந்து வந்த வேறு நூல்களைப் பிறகு புரட்டியபோதுதான், அவை இரவல் கொடுத்த தேதிகள் என்று தெரிந்தது. இன்றுவரை அந்த ஒரு நூலுக்கு என் அட்டையில் இரவல் கட்டம் காலியாக இருக்கிறது. நூலகங்களும் இதற்கு விலக்கல்ல. நான் பார்த்த ஒரு நூலகத்தில் நூறு மாத நாவல்களை அட்டைகளைக் கழற்றி எறிந்துவிட்டுப் பைண்டு செய்து வைத்திருந்தார்கள். அட்டைப்படம்தான் அந்த நாவலை விற்றது என்பதை அவர்களிடம் யாரும் சொல்லவில்லை போலும்.

இனி கதைக்கு வருவோம். வெகுஜன நாவலை ஒன்றாகப் படித்துப் பயனில்லை. நாற்பதாகப் படிக்க வேண்டும். ஜான் கவெல்டி 1976இல் வெளியிட்ட நூலில் சாகசக் கதை, மர்மக் கதை, காதல் கதை ஆகியவற்றை வாய்பாடு என்ற கருத்தைக் கொண்டு விளக்கினார். வாசகர் எதிர்பார்க்கும் பழகிய அமைப்பும் அதற்குள் நேரும் சிறு புதுமையும் சேர்ந்தே இன்பம் தருகின்றன என்பது அந்த அணுகுமுறையின் சாரம். வாய்பாடு என்றால் நமக்கு நினைவுக்கு வருவது ஈரெட்டுப் பதினாறு. அதுவும் பொருத்தம்தான், மாறாததை மனப்பாடமாக அறிந்தவரே மாறியதைக் கண்டுபிடிக்க முடியும். ஒவ்வொரு நாவலுக்கும் முதலில் காணாமற்போவது உயிரா, நகையா, காகிதமா, பெண்ணா. அது எத்தனையாவது அத்தியாயத்தில் நிகழ்கிறது. போலீஸார் உதவுகிறார்களா, தடுக்கிறார்களா. மர்மம் அவிழ்வது வாக்குமூலத்தாலா, ஆவணத்தாலா, வேடம் கலைவதாலா. குற்றவாளியைத் தண்டிப்பது சட்டமா, விபத்தா, அவனேயா. கடைசியில் சொத்து யாரிடம் சேர்கிறது, கதைநாயகி எந்த வீட்டில் இருக்கிறாள் என்று கட்டம் போட்டு நிரப்புங்கள். இருபதாவது நாவலில் கை தானாக எழுதும். முப்பதாவதில் ஒரு கட்டத்தில் எழுத முடியாமல் நிற்பீர்கள். நின்ற இடத்தில்தான் உங்கள் ஆய்வு தொடங்குகிறது.

தொடர்கதையாக வந்ததை நூலாகப் படிக்கும்போது காலம் சுருங்கிவிடுகிறது என்பதையும் மறக்க வேண்டாம். ‘பொன்னியின் செல்வன்’ 1950 முதல் 1954 வரை வாராவாரம் வந்தது. பாவாடை சட்டையில் அதைப் படிக்கத் தொடங்கிய பெண், திருப்பூட்டு (தாலி கட்டு) முடிந்து புகுந்த வீட்டில் அதை முடித்திருக்கக் கூடும். இடையில் எந்த வாரத்தில் எங்கே முடிச்சுப் போட்டு நிறுத்தினார்கள் என்பதை இதழிலேயே பார்த்துக் குறிக்க வேண்டும். பின்னர் வந்த நூற்பதிப்பில் அந்த மூச்சு தெரியாது.

படித்தவர்களைத் தேடிப் போவது அடுத்த கட்டம். இங்கே ஜேனிஸ் ராட்வே 1984இல் வெளியிட்ட ஆய்வை ஒருமுறையாவது படித்துவிட்டுப் போங்கள். அமெரிக்க ஊர் ஒன்றில் காதல் நாவல் படிக்கும் பெண்களிடம் பேசிய அவர், கதையின் பொருளைவிட, வீட்டு வேலைக்கு நடுவே தனக்கென்று ஒதுக்கிக்கொண்ட நேரமாகவே அவர்கள் வாசிப்பை மதித்தார்கள் என்று கண்டார். தமிழ் வாசிப்பின் வரலாற்றுக்கு ஆ. இரா. வேங்கடாசலபதியின் ‘நாவலும் வாசிப்பும்’ தவிர்க்க முடியாதது. உரக்கப் படித்துப் பலர் கேட்பதற்கும், மனத்துக்குள் தனியே படிப்பதற்கும் உள்ள தொலைவை அது புரியவைக்கும். ஆனால் எந்த முடிவையும் அங்கிருந்து தூக்கிவந்து இங்கே பொருத்தாதீர்கள். செட்டிநாட்டு வளவில், அதாவது பங்காளிகள் சேர்ந்து வாழும் பெரிய வீட்டில், தனிமை என்பதே வேறு மாதிரியானது. ஒரே கூரையின்கீழ் பல புள்ளிகள் (மணமான தனிக் குடும்பங்கள்) தனித்தனி அடுப்பு வைத்து வாழ்ந்த வீட்டில், பலர் கண்ணுக்கு நடுவில்தான் ஒருவர் தனியாக இருக்க முடியும்.

கேட்கும் முறைக்கும் ஒரு பக்குவம் வேண்டும். ஒலிப்பதிவுக் கருவியை எடுத்து வைத்துக்கொண்டு “நீங்கள் துப்பறியும் நாவல் படிப்பீர்களா?” என்று கேட்டால், “அதெல்லாம் நமக்கென்ன, கந்தபுராணந்தான் படிக்கிறது” என்றே எந்த ஆச்சியும் சொல்வார். எதற்காகப் பேசுகிறீர்கள், எங்கே எழுதுவீர்கள், பெயர் போடுவீர்களா என்பதை முதலில் சொல்லி ஒப்புதல் பெறுங்கள். பிறகு ஒரு பழைய அட்டையைக் கையில் கொடுத்துவிட்டுப் பேசாமல் இருங்கள். எண்பதைக் கடந்த ஓர் ஆச்சி, நான் கொடுத்த அட்டையை வெகுநேரம் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு இப்படிச் சொன்னார்: “கதை மறந்துபோச்சு தம்பி. மாமியா பட்டாலையில ஒறங்கினப்பறம் ரெண்டாங்கட்டுத் தூணோரமா ஒக்காந்து படிச்சது மட்டும் நெனப்புல இருக்கு. விளக்கு ரொம்ப நேரம் எரிஞ்சா எதுத்த வீட்டுக்குத் தெரிஞ்சுபோகும்.” எந்த விளக்கு, எந்தத் தூண், எந்த ஆண்டு, புத்தகத்தை எங்கே ஒளித்து வைத்தார், கொண்டுவந்து கொடுத்தது யார் என்று அங்கிருந்து கேள்விகளைக் கிளைக்க விடுங்கள். அரிசிப் பானை, கொட்டான், தலையணை உறை என்று ஒளித்த இடங்களின் பட்டியலே சுவையானது. ஆண்களிடம் கேட்டால் கதை வேறு: பெரும்பாலும் ரயிலில் படித்ததாகவே சொல்வார்கள்.

பண்பாட்டு முக்கியத்துவத்தை எழுதும் இடத்தில்தான் பெரும்பாலான ஆய்வேடுகள் சரிகின்றன. “இலக்கியம் காலத்தின் கண்ணாடி” என்று தொடங்கும் பத்தியை எழுதியிருந்தால் அடித்துவிடுங்கள். வீடெல்லாம் பிணம் விழும் நாவல் கண்ணாடியாக இருந்தால் அந்த ஊரில் ஒருவரும் உயிரோடு இருந்திருக்க முடியாது. என் அனுபவத்தையே சொல்கிறேன். பழைய நாவல்களில் திரும்பத் திரும்ப வந்த பொய் உயில், கள்ளக் கையெழுத்து, புரோநோட்டு, சுவீகாரப் பிள்ளை ஆகியவற்றைப் பார்த்து, உண்டியல் என்ற பணமாற்றுச் சீட்டிலும் கையெழுத்திலும் பிழைப்பு நடத்திய, பிள்ளை கூட்டிக்கொள்ளும் (சுவீகாரம் எடுக்கும்) வழக்கமுடைய நகரத்தார் வாழ்வு இந்தக் கதைகளில் பதிந்திருக்கிறது என்று உற்சாகமாக ஒரு கட்டுரை வரைந்தேன். வேறு மாவட்டத்து ஆசிரியர்களின் நாவல்களுக்கும் கட்டம் நிரப்பிப் பார்த்தபோது அங்கேயும் அதே உயில், அதே கையெழுத்து. ஆங்கிலத்தில் ரெனால்ட்ஸ் எழுதியவற்றைத் தமிழ்ப்படுத்தியும் தழுவியும் எழுதிய ஆரணியாரின் நாவல்களிலும் அவையே வந்தன. என் கட்டுரை படுத்துவிட்டது.

ஆனால் கேள்வி படுக்கவில்லை. கதையில் செட்டிநாடு இல்லை. கதை செட்டிநாட்டுக்கு வந்து சேர்ந்த விதத்திலும், இங்குள்ளவர் அதைப் படித்த விதத்திலும் செட்டிநாடு இருக்கிறது. எங்கும் அச்சான பொய் உயில் கதையை, ரங்கூனிலிருந்து கணவர் அனுப்பும் கணக்குத் தாளை நம்பி வாழ்ந்த ஒரு பெண் என்ன அச்சத்தோடு படித்திருப்பார் என்று கேட்டால், விடையை நாவலில் தேடக் கூடாது. அடிக்கோட்டில், ஓரக்குறிப்பில், கடிதத்தில், நேர்காணலில் தேட வேண்டும். கிடைத்தால் எழுதுங்கள். கிடைக்காவிட்டால் அந்தப் பத்தியை எழுதாதீர்கள்.

உரிமை பற்றி ஒரு சொல். நம் நாட்டுச் சட்டப்படி ஆசிரியர் மறைந்த மறு ஆண்டிலிருந்து 60 ஆண்டுகளுக்குப் பதிப்புரிமை உண்டு. 1942இல் மறைந்த வடுவூராரின் நாவல்களுக்கு அது முடிந்துவிட்டது. 1977இல் மறைந்த தமிழ்வாணனுக்கு இன்னும் முடியவில்லை. ஆய்வுக்கும் திறனாய்வுக்கும் அளவாக மேற்கோள் காட்டலாம். முழு நாவலையும் பின்னிணைப்பாகச் சேர்க்க முடியாது. அட்டைப்பட ஓவியரின் உரிமை தனி. புத்தகத்தில் எழுதியிருக்கும் வீட்டார் பெயர்களை அவர்கள் இசைவின்றி அச்சிடாதீர்கள்.

வாய்மொழித் தேர்வில் “இதெல்லாம் இலக்கியமா?” என்ற கேள்வி நிச்சயம் வரும். இலக்கியம்தான் என்று வாதாடப் புகாதீர்கள். நாற்பது நாவல்களுக்கு நிரப்பிய கட்டங்களையும், காலாண்டுப் பட்டியலிலிருந்து படியெடுத்த பிரதி எண்ணிக்கையையும் மேசைமேல் வையுங்கள். கேட்டவரே ஒரு பக்கத்தைப் புரட்டி, தாம் சிறுவயதில் படித்த நாவலின் பெயரை விரலால் தேடத் தொடங்குவார்.

வீட்டாரிடம் இரவல் வாங்கியவற்றைச் செலோ டேப் போட்டு ஒட்டாதீர்கள், லாமினேட் செய்யாதீர்கள், வெயிலில் காயவைக்காதீர்கள். சாணித்தாள் மடித்த இடத்தில் முறியும் என்பதால் 90 பாகைக்கு மேல் விரிக்காமல் படமெடுங்கள். திருப்பிக் கொடுக்கும்போது படங்களின் பிரதியையும், நூல்களின் பெயர்ப் பட்டியல் ஒன்றையும் சேர்த்துக் கொடுங்கள். பேரேட்டுத் தாள் செருகிய அந்தப் பைண்டை நான் திருப்பிக் கொடுக்கப் போனபோது, பட்டியலில் அதன் பெயரைப் பார்த்த அந்த வீட்டுப் பெரியவர், “இது ஆயா கையெழுத்தாச்சே” என்று தம் பாட்டி எழுதிய நான்கு தாளையும் நின்றபடியே படித்து முடித்துவிட்டு, மறுபடி என்னிடமே நீட்டினார்.